சிகிச்சை நடுவே இடமாற்றக் கடிதம்: வன்னியில் கடமையாற்றும் பொலிஸ்காரருக்கு ஒரு மாதக் கணக்கு

ஒரு வெள்ளிக்கிழமை பின்னேரம், வவுனியாவில் என் மேசையைப் பூட்டப் போகும் நேரம், ஒரு கான்ஸ்டபிள் வந்தார். கையில் ஒற்றைத் தாள், சிங்களத்தில். "அண்ணை, இதை ஒருக்கா வாசிச்சுச் சொல்லுங்கோ. எங்க போகச் சொல்லுது எண்டு விளங்குது. ஏன் எண்டுதான் விளங்கேல்லை."

தாளிலும் 'ஏன்' இருக்கவில்லை. "சேவைத் தேவை கருதி" என்ற இரண்டு மூன்று சொல்தான். அவருக்குச் சிறுநீரக வருத்தம். வாரம் இரண்டு தடவை இரத்தச் சுத்திகரிப்பு. போகச் சொன்ன இடம் மொனராகலைப் பக்கம். நான் பார்த்தது திகதியை. கடிதம் கைக்கு வந்து 5 வாரம். "மேலிடத்துக்கு அப்பீல் போட்டனான், பதில் வரட்டும் எண்டு பார்த்துக்கொண்டு இருந்தனான்" என்றார். உச்ச நீதிமன்றத்தில் மனுச் செய்ய ஒரு மாதம்தான் இருக்கிறது. அந்தக் காத்திருப்பில் அந்தக் கதவு ஏறக்குறையச் சாத்தப்பட்டுவிட்டது. அதை அவருக்கு எடுத்துச் சொன்னபோது எனக்கே வாய் கூசியது.

நான் சட்டத்தரணி அல்ல, சத்தியப்பிரமாண மொழிபெயர்ப்பாளன். வன்னியின் நான்கு மாவட்டத்திலிருந்தும் இப்படியான கடிதங்கள் என் கைக்கு வருகின்றன. சட்டத்தரணியிடம் போக முன்னரே பிழையாய்ப்போகும் விடயங்கள்தான் அதிகம் என்பதால் இதை எழுதுகிறேன். பொலிஸில் புதிதாகச் சேர்ந்த தம்பிமார், தங்கைமாருக்காகத்தான் எழுதுகிறேன். பொலிஸ்காரருக்குத் தொழிற்சங்கம் வைக்க இடமில்லை. உங்களுக்காகப் பேச ஆள் வராது, உங்கள் கடதாசிதான் பேச வேண்டும்.

கடிதம் வந்த நாள்

கடிதம் எந்தத் திகதியில் எழுதப்பட்டது என்பது ஒன்று, உங்கள் கைக்கு எந்தத் திகதியில் வந்தது என்பது இன்னொன்று. இரண்டாவதைத்தான் நிரூபிக்கத் தெரிந்திருக்க வேண்டும். கையெழுத்து வைத்து எடுத்தால், திகதியையும் நேரத்தையும் உங்கள் கையாலேயே எழுதுங்கள். தபாலில் வந்தால் உறையை எறிய வேண்டாம், முத்திரை குத்திய பக்கம் தேவைப்படும். நிலையத்துக்குச் செய்தியாக வந்து வாயால் சொல்லப்பட்டால், அதன் பிரதி ஒன்றை எழுத்தில் கேளுங்கள்.

அடுத்து, கையெழுத்து யாருடையது என்று பாருங்கள். அரசியலமைப்பின் 155ஜீ உறுப்புரைப்படி, பொலிஸ் மா அதிபரைத் தவிர்ந்த எல்லாப் பொலிஸ் அலுவலரின் நியமனம், பதவி உயர்வு, இடமாற்றம், ஒழுக்கக் கட்டுப்பாடு, பதவி நீக்கம் ஆகியவை தேசிய பொலிஸ் ஆணைக்குழுவின் அதிகாரம். பொலிஸ் மா அதிபருடன் கலந்தாலோசித்து ஆணைக்குழு அதைச் செய்ய வேண்டும். ஆணைக்குழு தன் அதிகாரத்தைக் கீழே பகிர்ந்தளிக்கவும் முடியும். ஆகவே கட்டளை ஆணைக்குழுவினுடையதா, பகிர்ந்தளித்த அதிகாரத்தில் பொலிஸ் மா அதிபர் செய்ததா, அல்லது அதிகாரமே இல்லாத ஒருவர் கையெழுத்து வைத்துவிட்டாரா என்பதைப் பொறுத்துத்தான் அடுத்த வழி. "ஆணைக்குழுவின் அங்கீகாரத்துடன்" என்ற வரி இருக்கிறதா என்று தேடுங்கள். சிங்களம் சரளமாக வாசிக்க வராவிட்டால் அன்றைக்கே மொழிபெயர்ப்புக்குக் கொடுங்கள். நண்பர் ஒருவர் வாய்மொழியாகச் சொன்னதை நம்பி, 'உடன் அமுலுக்கு வரும்' என்பதை 'ஒரு மாதத்துக்குள்' என்று விளங்கிக்கொண்டவரை நான் கண்டிருக்கிறேன்.

பிறகு ஒரு கலண்டரில் அந்தத் திகதியைச் சுற்றி வட்டம் போடுங்கள். அடுத்த மாதம் அதே திகதியில் இன்னொரு வட்டம். இந்த இரண்டு வட்டத்துக்கும் இடையில்தான் எல்லா வேலையும்.

முதல் வாரம்: வைத்தியரிடம்

பெரும்பாலானோர் கொண்டுவரும் வைத்தியக் கடிதத்தில் இருப்பது நோயின் பெயரும் "ஓய்வு தேவை" என்ற வசனமும் மாத்திரம். இதை வைத்து எதுவும் நடக்காது. நோய் இருந்தாலும் இடமாற்றம் செய்யலாம். இடமாற்றம் அரச சேவையோடு கூடப் பிறந்தது, நோயாளி என்பதற்காக யாருக்கும் ஓரிடத்தில் நிலைத்திருக்கும் உரிமை வந்துவிடாது. நீதிமன்றங்கள் இதைத் திரும்பத் திரும்பச் சொல்லியிருக்கின்றன. ஆகவே நீங்கள் காட்ட வேண்டியது, இந்தச் சிகிச்சை இந்த இடத்தோடு ஏன் கட்டப்பட்டிருக்கிறது என்பதை.

விசேட வைத்திய நிபுணரிடம் கடிதம் கேட்கும்போது ஐந்து விடயங்களைக் கேளுங்கள். என்ன நோய், எப்போதிலிருந்து. என்ன சிகிச்சை, எத்தனை நாளுக்கு ஒருமுறை. இன்னும் எவ்வளவு காலம். இடையில் நின்றால் என்ன நடக்கும். போகச் சொல்லும் இடத்தில் அல்லது அதற்கு அண்மையில் இதே சிகிச்சை கிடைக்குமா. கடைசிக் கேள்விதான் வழக்கின் உயிர். அதை வைத்தியர் தானாக எழுதமாட்டார், அவருக்கு நீங்கள் எங்கே போகிறீர்கள் என்று தெரியாது. இடமாற்றக் கடிதத்தின் பிரதியைக் காட்டிக் கேளுங்கள்.

வன்னியின் நிலை வெளியாட்களுக்கு விளங்குவதில்லை. மாங்குளத்திலோ ஒட்டுசுட்டானிலோ கடமை செய்பவருக்குப் புற்றுநோய் என்றால் தெல்லிப்பழைக்குப் போவார், அல்லது மகரகம அபேக்ஷா வைத்தியசாலைக்கு. சிறுநீரக வருத்தம் என்றால் வவுனியாவோ அனுராதபுரமோ. நெடுங்கேணியிலிருந்து ஒரு கிளினிக் நாளுக்குக் காலை இருட்டோடு பஸ் பிடிக்க வேண்டும். கொழும்பில் மேசையில் இருந்து பார்ப்பவருக்கு "வவுனியாவிலிருந்து கிளிநொச்சி" பக்கத்து ஊர்தான். உங்கள் விண்ணப்பத்தில் பஸ் எத்தனை, எத்தனை மணிக்கு, எங்கே மாற வேண்டும் என்று எழுதுங்கள். இது சில்லறை விடயம் போலத் தோன்றும். வாசிப்பவர் மனதில் நிற்பது அதுதான். அதேபோல, பெரிய வைத்தியசாலை உள்ள நகரத்துக்கு மாற்றியிருந்தால் உங்கள் வாதம் பலவீனம் என்பதையும் நேர்மையாக ஒத்துக்கொள்ளுங்கள். கண்டிக்கு மாற்றப்பட்டவர் "அங்கே சிகிச்சை இல்லை" என்று எழுதினால் மற்ற வசனங்களையும் நம்பமாட்டார்கள். அவர் எழுத வேண்டியது: இதே நிபுணர் தொடங்கிய சிகிச்சை, பாதியில் கைமாறினால் வரும் ஆபத்து, வீட்டில் பார்த்துக்கொள்ள ஆள்.

கிளினிக் கொப்பியின் எல்லாப் பக்கத்தையும் போட்டோக் கொப்பி எடுங்கள், டயக்னோசிஸ் காட்டையும். இன்னொரு சான்று பலருக்கு நினைவுக்கு வருவதில்லை. கிளினிக்குக்குப் போன ஒவ்வொரு நாளும் நீங்கள் நிலையத்தில் 'அவுட் என்ட்ரி' (வெளியே போவதாகப் புத்தகத்தில் வைக்கும் பதிவு) போட்டுத்தான் வெளிக்கிட்டிருப்பீர்கள். அந்தத் திகதிகளைக் கிளினிக் கொப்பியின் திகதிகளோடு பொருத்தி ஒரு பட்டியல் செய்யுங்கள். கடிதம் வந்த பிறகு வந்த வருத்தம் என்று யாரும் சொல்ல இடமிருக்காது.

மனநலச் சிகிச்சை எடுப்பவர்களுக்குத் தனியாக ஒரு வார்த்தை. அந்தக் கடிதம் இடமாற்றத்தை நிறுத்தலாம், கூடவே உங்களை ஆயுதக் கடமையிலிருந்தும் எடுக்க வைக்கலாம், பதவி உயர்விலும் அதன் நிழல் விழலாம். எழுத வேண்டாம் என்று சொல்லமாட்டேன். எவ்வளவு விபரம் எழுதுவது என்று வைத்தியருடன் இருந்து பேசித் தீர்மானியுங்கள். மேலதிகாரிக்குப் போகும் பிரதியில் நோயின் விபரத்தைச் சுருக்கி, முழு அறிக்கையை மூடிய உறையில் 'இரகசியம்' என்று எழுதி இணைக்கலாம்.

போவதா, இருப்பதா

என்னிடம் வருபவர்கள் கேட்கும் முதல் கேள்வி இது. "அப்பீல் போட்டால் போகாமல் இருக்கலாமோ?" இல்லை. விண்ணப்பம் போட்டதால் கட்டளை நின்றுவிடாது. யாராவது அதை எழுத்தில் இடைநிறுத்தும்வரை அது உயிரோடு இருக்கிறது. அறிவிக்காமல் வீட்டில் இருந்தால் சேவையை விட்டு விலகியவராகக் கணக்கெடுத்துவிடுவார்கள், பிறகு இடமாற்ற வழக்கு இரண்டாம் பட்சமாகி வேலையைக் காப்பாற்றும் வழக்கு முன்னுக்கு வரும்.

வழி இரண்டு. உண்மையில் பயணம் செய்ய முடியாத நிலை என்றால், முறைப்படி வைத்திய விடுமுறை எடுங்கள், சான்றிதழோடு, அனுப்பியதற்கு அத்தாட்சியோடு. முடியும் என்றால் போய்ப் புதிய இடத்தில் கடமையைப் பாரமெடுங்கள். பாரமெடுக்கும் கடிதத்தில் ஒரு வரி சேருங்கள்: "எனது மேன்முறையீட்டு உரிமைகளுக்குப் பாதகமின்றிக் கடமையை ஏற்கிறேன்." போய்ச் சேர்ந்ததால் இடமாற்றத்தை ஏற்றுக்கொண்டீர்கள் என்று பிறகு சொல்லாமல் இருக்க அந்த வரி.

இரண்டாம் வாரம்: மேன்முறையீடும் காரணம் கேட்பதும்

மேன்முறையீடு முறையான வழியால் போக வேண்டும்: உங்கள் பொறுப்பதிகாரி, உதவிப் பொலிஸ் அத்தியட்சகர், அப்படியே மேலே. அது ஒவ்வொரு மேசையிலும் தூங்கும் என்பது எல்லோருக்கும் தெரிந்ததே. அதனால் 'முற்பிரதி' என்று தலைப்பிட்டு ஒரு பிரதியைப் பதிவுத் தபாலில் நேரே அனுப்புங்கள். கட்டளை பகிர்ந்தளித்த அதிகாரத்தில் வந்ததென்றால் மேன்முறையீடு தேசிய பொலிஸ் ஆணைக்குழுவுக்கு. ஆணைக்குழுவே செய்த கட்டளை என்றால் நிருவாக மேன்முறையீட்டு நியாய சபைக்கு. 155எல் உறுப்புரையும் 2002ஆம் ஆண்டின் 4ஆம் இலக்கச் சட்டமும் அதற்கு வழி. அந்தச் சபை ஆணைக்குழுவின் கட்டளையை மாற்றவும் நீக்கவும் முடியும். உச்ச நீதிமன்றம் கேட்பது அடிப்படை உரிமை மீறப்பட்டதா என்பதை. நியாய சபை கட்டளையின் நியாயத்தையே பார்க்கும். என் அனுபவத்தில், உள்நோக்கம் எதுவும் இல்லாத, வெறும் கவனயீனத்தால் வந்த இடமாற்றத்துக்கு இதுவே பொருத்தமான இடம்.

மேன்முறையீட்டில் "இரத்துச் செய்யுங்கள்" என்று மாத்திரம் கேட்க வேண்டாம். அதிகாரி 'ஆம்' சொல்லக்கூடிய ஏதாவது ஒன்றை வையுங்கள். சிகிச்சை முடியும் திகதிவரை பிற்போடல். சிகிச்சை நிலையத்துக்கு அண்மையில் தற்காலிக இணைப்பு. இலகு கடமை. நீங்கள் போகத் தயாராக இருக்கும் மூன்று நிலையங்களின் பெயர். ஒரு சார்ஜன்ட், "வவுனியாவை விட்டு அசையமாட்டேன்" என்று எழுதச் சொன்னார். நான் எழுதவில்லை. கீமோ இன்னும் 4 தடவை இருக்கிறது, அது முடிந்ததும் எங்கும் போவேன் என்று எழுதினோம். பிற்போட்டார்கள்.

பாராளுமன்ற உறுப்பினரின் கடிதத்தை இணைக்க வேண்டாம். ஊரில் அதற்கு இன்னும் மதிப்பு இருக்கிறது, கோப்பில் அது உங்களுக்கு எதிராகவே படிக்கப்படும். முகநூலில் எழுதுவதும் அப்படித்தான்.

அதே வாரத்தில் இன்னொரு கடிதம். 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தை எல்லோரும் ஆவணம் கேட்கும் சட்டமாகத்தான் அறிவார்கள். அதன் 35ஆம் பிரிவு வேறொன்று சொல்கிறது: ஒருவரைப் பாதிக்கும் தீர்மானத்தை எடுத்த அரச அலுவலர், பாதிக்கப்பட்டவர் கேட்டால், காரணத்தை எழுத்தில் கொடுக்க வேண்டும். 'சேவைத் தேவை' என்றால் என்ன தேவை, எந்த இடத்தில் என்ன வெற்றிடம், ஏன் நான் என்று கேளுங்கள். கூடவே, அதே கட்டளையில் மாற்றப்பட்டவர்களில் வைத்தியக் காரணத்துக்காக எத்தனை பேருக்குப் பிற்போடப்பட்டது என்றும் கேளுங்கள், பெயர்கள் வேண்டாம், எண்ணிக்கை போதும். தகவல் அலுவலர் 14 வேலை நாளுக்குள் தீர்மானிக்க வேண்டும். பதில் வந்தால் சான்று. வராவிட்டால், காரணம் சொல்ல மறுத்தார்கள் என்பதும் ஒரு சான்று.

வடக்கில் தமிழ் நிர்வாக மொழி. கடிதங்களைத் தமிழில் எழுதலாம், தயங்க வேண்டாம். ஆனால் நடைமுறை வேறு: சிங்கள அல்லது ஆங்கில மொழிபெயர்ப்பை இணைத்து அனுப்பிய கோப்பு முன்னால் நகர்கிறது. இது என் தொழிலுக்கு விளம்பரமாகத் தெரியலாம். பரவாயில்லை, உண்மை அது.

மாதம் முடிய முன்

இனி அந்தக் கான்ஸ்டபிளுக்கு நடந்தது. அரசியலமைப்பின் 126ஆம் உறுப்புரைப்படி, அடிப்படை உரிமை மீறப்பட்டால் ஒரு மாதத்துக்குள் உச்ச நீதிமன்றத்தில் மனுச் செய்ய வேண்டும். மீறப்படப் போகிறது என்ற நிலையிலும் செய்யலாம், ஆகவே பாரமெடுக்கும் நாள்வரை காத்திருக்கத் தேவையில்லை. மேலிடத்துக்கு அப்பீல் போட்டிருப்பது இந்த ஒரு மாதத்தை நிறுத்தாது. 1988ஆம் ஆண்டிலேயே உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொல்லிவிட்டது: வேறு நிவாரணம் தேடுவதால் காலக்கெடு நீளாது. குறைகேள் அதிகாரிக்கு எழுதியதும் அப்படித்தான், பொலிஸ் மா அதிபரை நேரில் சந்தித்ததும் அப்படித்தான்.

நிறுத்தக்கூடியது ஒன்றே ஒன்று. 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்க இலங்கை மனித உரிமைகள் ஆணைக்குழுச் சட்டத்தின் 13(1) பிரிவு. மீறல் நடந்து ஒரு மாதத்துக்குள் அந்த ஆணைக்குழுவில் முறைப்பாடு செய்தால், அங்கே விசாரணை நிலுவையில் இருக்கும் காலம் அந்த ஒரு மாதக் கணக்கில் சேராது. வவுனியாவில் அதன் பிராந்திய அலுவலகம் இருக்கிறது, தமிழில் முறைப்பாடு எடுப்பார்கள், கட்டணம் இல்லை. இரண்டாவது வட்டத்துக்கு முன்னர் அங்கே போங்கள். நீதிமன்றம் போகும் எண்ணம் இல்லாவிட்டாலும் போங்கள்.

முறைப்பாட்டு இலக்கத்தை வாங்கிக்கொண்டு வந்து தூங்கினால் பலன் இல்லை. விசாரணை உண்மையில் நடந்துகொண்டிருந்தது என்பதற்குச் சான்று வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் பிற்காலத் தீர்ப்புகளில் கேட்டிருக்கிறது. எதிர்த்தரப்பிடம் அறிக்கை கோரிய கடிதம், அழைப்பாணை, விசாரணைத் திகதி, இவற்றின் பிரதிகளைச் சேருங்கள். மாதம் ஒருமுறை எழுத்தில் நிலை கேளுங்கள்.

மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் ரிட் (கட்டளையை இரத்துச் செய்யக் கேட்கும் எழுத்தாணை மனு) போடலாமா என்று பலர் கேட்பார்கள், பக்கத்துக் கந்தோரில் ஆசிரியர் ஒருவர் போட்டு வென்றதைக் கேள்விப்பட்டிருப்பார்கள். பொலிஸ் ஆணைக்குழுவின் தீர்மானங்களை உச்ச நீதிமன்றத்தின் 126ஆம் உறுப்புரை அதிகாரமும் நியாய சபையின் அதிகாரமும் தவிர வேறெந்த நீதிமன்றமும் கேள்வி கேட்க முடியாதென்று அரசியலமைப்பின் 155சீ உறுப்புரை தடுக்கிறது. அதிகாரமே இல்லாதவர் போட்ட கட்டளை என்றால் சட்டத்தரணி வேறு விதமாக வாதிடக்கூடும். முதல் நாளில் கையெழுத்தைப் பார்க்கச் சொன்னது இதற்காகவும்தான்.

உச்ச நீதிமன்றம் என்றால்

வழக்குக் கொழும்பு புதுக்கடையில். சட்டத்தரணிக்குக் கொடுக்க வசதி இல்லாவிட்டால் சட்ட உதவி ஆணைக்குழுவிடம் போய்க் கேளுங்கள், வருமானத்தைப் பார்த்து முடிவு சொல்வார்கள்.

மனு பெரும்பாலும் 12(1) உறுப்புரையில் நிற்கும்: சட்டத்தின் முன் சமத்துவம். வெறும் கஷ்டம் சமத்துவ மீறலாகாது. அதே நிலையில் இருந்த இன்னொருவருக்கு விட்டுக்கொடுத்து உங்களுக்கு மறுத்தார்களா? விதிகள் சொல்லும் ஒழுங்கை மீறினார்களா? வைத்திய அறிக்கை மேசையில் இருந்தும் பார்க்காமலே முடிவெடுத்தார்களா? தண்டனையை இடமாற்றம் என்ற பெயரில் கொடுத்தார்களா? கடைசிக் குற்றச்சாட்டு எல்லோருக்கும் பிடித்தமானது, நிரூபிக்க மிகக் கடினமானதும் அதுவே. பொறுப்பதிகாரியுடன் வாக்குவாதம் நடந்த திகதியும் கட்டளையின் திகதியும் பக்கத்தில் இருந்தால் பேசலாம். சந்தேகம் மாத்திரம் என்றால் விட்டுவிடுங்கள், அது மற்ற வாதங்களையும் கெடுக்கும். பொலிஸாரின் ஒழுக்கத்தைப் பேண அடிப்படை உரிமைகளைச் சட்டத்தால் மட்டுப்படுத்தலாம் என்று 15(8) சொல்வதையும் எதிர்த்தரப்பு எடுத்து வரும்.

பிரதிவாதிகளாகக் கட்டளையிட்டவர், பொலிஸ் மா அதிபர், ஆணைக்குழுவின் தலைவரும் உறுப்பினர்களும், சட்டமா அதிபர் என்று நீளும். ஒரு பெயர் தவறினாலும் பூர்வாங்க ஆட்சேபணை வரும், இதைச் சட்டத்தரணியிடம் விட்டுவிடுங்கள். உங்கள் வேலை சத்தியக் கடதாசியை ஒவ்வொரு வரியாக வாசித்து, உங்களுக்கு நேரே தெரிந்தது மாத்திரம் அதில் இருக்கிறதா என்று பார்ப்பது. தமிழ், சிங்கள ஆவணங்களுக்கு ஆங்கில மொழிபெயர்ப்புக் கேட்பார்கள். கிளினிக் கொப்பியில் வைத்தியரின் கையெழுத்துப் புரியாத பக்கங்களைக் கடைசி நாளில் கொண்டுவந்து என்னைப் போன்றவர்களை அழவைக்க வேண்டாம்.

முதல் கட்டம், மனுவைத் தொடர அனுமதி. அப்போதே இடைக்காலக் கட்டளை கேட்க வேண்டும், உண்மையில் நோயாளிக்குத் தேவைப்படுவது அதுதான். மனுவை இரண்டு மாதத்துக்குள் விசாரித்து முடிக்க வேண்டும் என்று 126(5) சொல்கிறது. நடைமுறையில் வருடங்கள் ஓடும். இடைக்காலக் கட்டளை கிடைக்காவிட்டால், தீர்ப்பு வரும்போது சிகிச்சையே முடிந்திருக்கலாம். இதைத் தெரிந்துகொண்டு போங்கள்.

இடைக்காலக் கட்டளையோ பிற்போடலோ கிடைத்தால், அத்தாட்சிப்படுத்திய பிரதியை நீங்களே இரண்டு நிலையத்துக்கும் கொண்டுபோய்க் கொடுங்கள், பெற்றுக்கொண்டதற்குக் கையெழுத்தும் திகதியும் வாங்குங்கள். கொழும்பிலிருந்து அது தானாக வந்து சேரும் என்று இருந்த ஒருவரின் சம்பளம் இரண்டு மாதம் இரண்டு நிலையத்துக்கும் இடையில் தொங்கியது. பிற்போடல் ஒரு திகதிவரைதான் என்றால், அந்தத் திகதிக்கு ஆறு வாரம் முன்னர் புதிய வைத்தியக் கடிதத்தை எடுத்துவிடுங்கள். பழைய கடிதத்தைத் திருப்பிக் கொடுத்தால் ஏற்கமாட்டார்கள்.

அந்தக் கான்ஸ்டபிளுக்கு மிஞ்சியிருந்தது மேன்முறையீட்டு வழி மாத்திரம். திங்கட்கிழமை காலை நிபுணரின் புதுக் கடிதத்தோடு வந்தார். போகச் சொன்ன இடத்தின் பெயர் அதில் இருந்தது.